சித்தர் மரபின் வரலாறு – 9: பழனியின் இரசவாதி போகர்

போகர் பதினெண் சித்தர்களில் ஒருவராக எண்ணப்படும் இரசவாதி. பழனி மலைமேல் நிற்கும் தண்டாயுதபாணியின் திருவுருவை ஒன்பது பாஷாணங்களை, அதாவது நஞ்சுச் சரக்குகளை, கட்டிச் செய்தவர் என்பது அவருடைய முதற்பெரும் புகழ். குளிகையை வாயில் அடக்கி வானில் பறந்தவர், கூடுவிட்டுக் கூடு பாய்ந்தவர், சீன தேசம் சென்று அங்கே நெடுங்காலம் வாழ்ந்தவர், முடிவில் உயிரோடு சமாதிக்குள் இறங்கியவர் என்று அவரைப் பற்றிய கதைகள் விரிகின்றன. பதினெண் சித்தர் பட்டியல் நூலுக்கு நூல் மாறும். ஆனால் திருமூலர், அகத்தியர் போலப் போகரின் பெயரும் ஏறக்குறைய எல்லாப் பட்டியல்களிலும் இடம்பெறுகிறது.

அவரைப் பற்றிய செய்திகள் இரண்டு ஊற்றுகளிலிருந்து வருகின்றன. ஒன்று, அவர் பெயரால் வழங்கும் ஆயிரக்கணக்கான பாடல்கள். மற்றொன்று, பழனியில் இன்றும் அறுபடாமல் நடக்கும் வழிபாடு. இரண்டையும் சேர்த்துப் பார்த்தால், போகர் என்ற பெயருக்குப் பின்னால் தனி மனிதர் ஒருவரைவிட, தலைமுறை தலைமுறையாக உலைக்கு முன் உட்கார்ந்த ஒரு தொழிற்கூட்டமே தெளிவாகத் தெரிகிறது. தாங்கள் கண்டறிந்த முறைகளை அந்தக் கூட்டத்தார் தங்கள் பெயரில் எழுதவில்லை, ஆசானின் பெயரில் எழுதி வைத்தார்கள்.

குருபரம்பரை திருமூலரிலிருந்து தொடங்குகிறது. திருமூலரின் மாணாக்கர் காலாங்கிநாதர். சேலத்துக்கு அருகிலுள்ள கஞ்சமலை அவருக்கு உரிய இடமாகக் கருதப்படுகிறது. காலாங்கியின் மாணாக்கர் போகர். போகரிடம் பயின்றவர்களாகப் புலிப்பாணி, கொங்கணர், கருவூரார் முதலியோர் சொல்லப்படுகிறார்கள். கோரக்கர் அவருக்குத் தோழர் என்றும் மாணவர் என்றும் இருவிதமாகச் சொல்வர். போகரின் பிறப்பைப் பற்றியும் ஒரே முடிபு இல்லை. பொற்கொல்லர் குலத்தில் பிறந்தவர் என்பது ஒரு வழக்கு, பிறப்பிலேயே சீனர் என்பது மற்றொரு வழக்கு. இவற்றுள் முதலாவதையே நம்பத் தோன்றுகிறது. போகர் நூல்களின் மொழி முழுக்க மூசை, துருத்தி, உலை, மாற்று, களங்கு என்று பட்டறையின் மொழி. கையால் உலோகம் உருக்காத ஒருவரின் வாயில் இந்தச் சொற்கள் இத்தனை இயல்பாக வந்திருக்க முடியாது.

வாய்மொழிக் கதைகளில் சில மிகப் பரவலானவை. தாகத்துக்குத் தண்ணீர் கேட்ட போகரை வேதம் ஓதிக்கொண்டிருந்த அந்தணர் சிலர் பொருட்படுத்தவில்லையாம். அவர் அங்கே திரிந்த பூனை ஒன்றின் காதில் ஓத, பூனை வேதம் சொல்லத் தொடங்கியதாம். புலிப்பாணி புலிமேல் ஏறிச் சென்று குருவுக்குத் தண்ணீர் கொண்டுவந்தார் என்பது பழனிப் பக்கத்துக் குழந்தைகளும் அறிந்த கதை. தஞ்சைப் பெரிய கோயிலில் சிவலிங்கத்துக்கு அஷ்டபந்தன மருந்து இறுகாமல் இளகிக்கொண்டே இருந்தபோது, போகர்தான் கருவூராரை அங்கே அனுப்பிவைத்தார் என்று இன்னொரு கதை சொல்கிறது. பெரிய கோயில் 1010இல் நிறைவுற்றது. இந்தக் கதையை வைத்துப் போகரைப் பதினோராம் நூற்றாண்டில் நிறுத்துவோர் உண்டு. அது பொருந்தாது. ஆனால் அந்தக் கதை ஒன்றைச் சரியாகச் சொல்கிறது: கல்லையும் பீடத்தையும் பிணைக்கும் மருந்து என்றால் அது சித்தர்களின் கைவேலை என்று மக்கள் கருதினார்கள். பழனிச் சிலையின் கதையும் பிணைப்பு மருந்தின் கதைதான்.

சீனப் பயணம் போகர் வரலாற்றின் நடுப்பகுதி. காலாங்கிநாதர் சீனத்தில் இருந்தார் என்றும், தாம் சமாதி கூடும் காலம் வந்ததும் தம் பணியைத் தொடரப் போகரை அழைத்தார் என்றும் மரபு கூறுகிறது. போகர் ஆகாயத்தில் பறந்து சென்றார். அங்கே ஒரு சீனரின் உடலில் புகுந்து, அந்நாட்டார் மொழியிலேயே யோகமும் மருந்தும் கற்பித்தார். பல அடுக்குக் கப்பல் ஒன்றைச் செய்து சீனர்களை ஏற்றிக்கொண்டு உலகைச் சுற்றிக் காட்டினார். இருபதாம் நூற்றாண்டில் எழுதப்பட்ட சில போகர் வரலாறுகள் இதை இன்னும் நீட்டி, சீனர்கள் போயாங் என்று அழைத்தது இவரைத்தான், தாவோ நெறியின் முதல்வரான லாவோட்சு இவரே என்றுகூட எழுதின.

இந்த நீட்சி எங்கிருந்து வந்தது என்பதை ஒரு கதையால் காட்டலாம். குரு ஒருவர் தம் சீடர்களோடும் ஒரு நாயோடும் மலையேறி, சாகாமருந்து செய்கிறார். முதலில் நாய்க்குக் கொடுக்கிறார், நாய் செத்து விழுகிறது. பிறகு தாமே உண்டு விழுகிறார். குருவை முழுதும் நம்பிய சீடர் ஒருவரும் உண்டு விழுகிறார். மற்றவர்கள் அஞ்சி, பெட்டி வாங்கி வர மலையிலிருந்து இறங்கிப் போய்விடுகிறார்கள். அவர்கள் போனதும் குருவும் சீடரும் நாயும் எழுந்து நடக்கிறார்கள். அண்மைக்காலப் போகர் வரலாறுகளில் இது போகருக்கும் புலிப்பாணிக்கும் நடந்ததாக வருகிறது. ஆனால் இது சீன இரசவாதி வெய் போயாங்கின் கதை. கி.பி. நான்காம் நூற்றாண்டில் கே ஹோங் என்பவர் தொகுத்த சீன முனிவர் வரலாறுகளிலேயே இது இருக்கிறது. போயாங் என்ற ஒலி ஒற்றுமையைப் பிடித்துக்கொண்டு, கதை அங்கிருந்து இங்கே வந்து சேர்ந்தது.

அதற்காகச் சீனத் தொடர்பு முழுவதையும் கட்டுக்கதை என்று தள்ளிவிடக் கூடாது. இரசவாதிக்கு வேண்டிய தலையாய சரக்கு பாதரசம். அது தமிழ்நாட்டு மண்ணில் வெட்டி எடுக்கப்படுவதில்லை. அதன் தாதுவான சாதிலிங்கமும் அப்படித்தான். பதினாறாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மலையாளக் கரையில் இருந்த போர்த்துகீசியர் பார்போசா, சீனத்திலிருந்து கப்பலில் வந்திறங்கிய பொருள்களில் பாதரசத்தையும் சாதிலிங்கத்தையும் குறிக்கிறார். அதற்கு முன்பே போக்குவரத்து செழித்திருந்தது. 1015, 1033, 1077 ஆகிய ஆண்டுகளில் சோழர் தூதுக்குழுக்கள் சீன அரசவைக்குச் சென்றன. சீனத்தின் சுவான்சோ துறைமுகத்தில் தமிழ் வணிகர் சிவன் கோயில் கட்டி 1281இல் தமிழில் கல்வெட்டும் பொறித்தார்கள். உலையில் வைக்கும் பொருள் சீனத்திலிருந்து வந்தபோது, அதைக் கையாளும் முறையும் சீனத்திலிருந்து வந்ததாகவோ, அங்கே போய் வந்த ஆசான் ஒருவர் கொண்டுவந்ததாகவோ பட்டறைக்காரர்கள் எண்ணியது இயல்பு. போகர் பறந்து சென்ற வழி, சரக்குக் கப்பல்கள் வந்த வழிதான்.

போகர் பெயரில் வழங்கும் நூல்கள் ஏராளம். போகர் ஏழாயிரம், போகர் பன்னீராயிரம், நிகண்டு 1700, வைத்தியம் 1000, போகர் 700, செனன சாகரம் 550, கற்பம் 360 என்று பாடல் எண்ணிக்கையையே பெயரில் தாங்கியவை பல. இவற்றுள் பெரும்புகழ் பெற்றது ஏழாயிரம். ஏழு காண்டங்களாக, காண்டத்துக்கு ஆயிரம் பாட்டு என்ற அமைப்பில் இருப்பதால் அதற்குச் சப்தகாண்டம் என்றும் பெயர். செந்தூரம் முடிக்கும் முறை, இரசத்தைக் கட்டிக் குளிகையாக்கும் முறை, மூலிகைகளின் குணம், யோகம் ஆகியவற்றுக்கு நடுவே நாடுநாடாகப் பறந்து சித்தர்களின் சமாதிகளைக் கண்ட செய்திகளும் அதில் வருகின்றன. ரோமாபுரி வருகிறது, மெக்கா வருகிறது, நபிகள் நாயகம் வருகிறார்.

இந்தப் பாடல்களின் நடையும் சொற்களும் பிற்காலத்தவை. திருமந்திரத்தையும் ஏழாயிரத்தையும் அடுத்தடுத்துப் படிக்கும் எவருக்கும் இது விளங்கும். சித்தர் பாடல்களைப் பற்றி 1973இல் நூல் எழுதிய செக் நாட்டுத் தமிழறிஞர் கமில் சுவலபில் முதலான ஆய்வாளர்கள், சித்த மருத்துவ நூல்களில் பெரும்பாலானவை கடந்த சில நூற்றாண்டுகளுக்குள் எழுந்தவை என்றே கொள்கிறார்கள். சரக்குகளே இதற்குச் சான்று சொல்லும். ஆவடியிலும் அம்பத்தூரிலும் இன்று எந்த நாட்டு மருந்துக் கடையில் கேட்டாலும் பரங்கிப்பட்டை கிடைக்கும். மேகநோய்க்கும் தோல் நோய்க்கும் சித்த மருத்துவம் பெரிதும் நம்பும் சரக்கு இது. இது பட்டையே அல்ல, சீனத்தில் விளையும் ஒரு கொடியின் கிழங்கு. 1530களில்தான் இது இந்தியாவில் பரவியது என்று, கோவாவில் வாழ்ந்த போர்த்துகீசிய மருத்துவர் கார்சியா த ஓர்த்தா 1563இல் அச்சிட்ட தம் நூலில் எழுதினார். பரங்கியர் கொண்டுவந்த புதுநோய்க்கு அவர்கள் கப்பலிலேயே வந்த மருந்து அது. அதைக் கையாளும் பாடல் எதுவும் அந்தக் காலத்துக்கு முந்தியதாக இருக்க இயலாது. பழைய ஆசானின் பெயரில் புதிய நோய்க்குப் புதிய மருந்தை எழுதிச் சேர்த்த கைகள், தங்கள் காலத்தோடு ஒட்டி நடந்த நல்ல மருத்துவர்களின் கைகள். இதை மோசடி என்பவர்கள் ஏட்டு மரபை அறியாதவர்கள். ஆசான் பெயரில் எழுதுவது அந்தப் பள்ளியின் வழக்கம், பணிவும்கூட.

போகர் மரபின் உண்மையான செல்வம் செய்முறையில் இருக்கிறது. இலிங்கச் செந்தூரம் ஒன்றை எடுத்துக்கொண்டால் போதும். அதன் மூலச்சரக்கான சாதிலிங்கம் கருஞ்சிவப்புக் கட்டி. பாதரசமும் கந்தகமும் சேர்ந்த தாது. அதை அப்படியே மருந்தில் சேர்ப்பதில்லை. முதலில் சுத்தி. எலுமிச்சம்பழச் சாறு, பசும்பால், குப்பைமேனிச் சாறு மூன்றையும் சம அளவு கலந்து, அதைத் துளித்துளியாக ஊற்றிச் சுருக்குக் கொடுப்பார்கள். சுத்தி செய்த சரக்கைக் கல்வத்தில் இட்டு மூலிகைச் சாறு விட்டு அரைக்க வேண்டும். நான்கு சாமம் அரை என்று பாடல் சொன்னால் பன்னிரண்டு மணி நேரம் குழவி நிற்கக் கூடாது. அரைத்ததை வில்லை தட்டி நிழலிலும் வெயிலிலும் காயவைத்து, அகலில் அடக்கி, மேலே இன்னோர் அகலைக் கவிழ்த்து, மண் தோய்த்த துணியால் ஏழு சுற்றுச் சீலைமண் செய்து, மறுபடி காயவைத்துப் புடமிடுவார்கள்.

புடத்தின் சூட்டை அளப்பது வரட்டிக் கணக்கில். ஒரு வரட்டி வைத்தால் காடைப் புடம், 3 வைத்தால் கவுதாரிப் புடம், 10 என்றால் குக்குட புடம், 50 என்றால் வராக புடம். கஜ புடத்துக்கு ஐந்நூறு என்பாரும் ஆயிரம் என்பாரும் உண்டு. சிறு பறவையிலிருந்து யானை வரை ஏறும் இந்த அளவுமுறை, வெப்பமானி இல்லாத காலத்தில் ஒரு மாணவன் மறக்காமல் மனத்தில் வைத்துக்கொள்ளத் தக்க ஏற்பாடு. பாதரசம் 357 பாகை செல்சியசில் கொதித்து ஆவியாகும். சூடு மிஞ்சினால் சரக்கு புகையாகப் போய்விடும், அந்தப் புகை அரைத்தவனையும் கொல்லும். அதனால்தான் சீலைமண்ணிலும் வரட்டி எண்ணிக்கையிலும் இத்தனை கண்டிப்பு. சாதிலிங்கத்தை வாலை என்னும் வடிகலத்தில் இட்டு எரித்து இரசத்தைப் பிரித்தெடுக்கும் முறையும் இந்த மரபுக்குத் தெரியும். அப்படி வடித்த இரசத்துக்கு வாலை இரசம் என்று பெயர்.

பாஷாணங்களைச் சித்த நூல்கள் 64 என்று கணக்கிடும். அவற்றுள் 32 பிறவி, அதாவது இயற்கையில் கிடைப்பவை. 32 வைப்பு, அதாவது செய்து எடுப்பவை. நவபாஷாணம் என்பது இந்த அறுபத்து நான்கிலிருந்து ஒன்பதைத் தேர்ந்து கட்டுவது. வீரம், பூரம், இலிங்கம், கந்தகம், தாளகம், மனோசிலை, வெள்ளைப் பாஷாணம், கௌரிப் பாஷாணம் என்று பட்டியல் நீளும். எந்த ஒன்பது என்பதில் நூல்கள் ஒத்துப்போவதில்லை. வீரமும் பூரமும் பாதரச உப்புகள். தாளகமும் மனோசிலையும் ஆர்செனிக்கும் கந்தகமும் கூடியவை. வெள்ளைப் பாஷாணம் ஆர்செனிக்கின் ஆக்சைடு, கைப்பிடி அளவு போதும் ஓர் ஊரின் கிணற்றைக் கெடுக்க. தனித்தனியே நஞ்சான இவற்றை முறையாகக் கட்டி ஒன்றாக்கினால் நஞ்சு முறிந்து மருந்தாகும் என்பது இரசவாதிகளின் அடிப்படை நம்பிக்கை.

பழனிச் சிலை அந்த நம்பிக்கையின் உச்சம். போகர் ஒன்பதையும் கட்டி முருகன் திருமேனி செய்தார், அதன்மேல் பட்டு வழியும் பாலும் பஞ்சாமிர்தமும் சந்தனமும் நோய் தீர்க்கும் என்று நம்பிக்கை. மலைமேல் நாள்தோறும் ஆறு காலப் பூசை நடக்கிறது. இரவில் மூலவருக்குச் சாத்தும் இராக்காலச் சந்தனம் மறுநாள் அடியாருக்கு மருந்தாகவே வழங்கப்படுகிறது. பஞ்சாமிர்தத்தை வகுத்தவரும் போகரே என்பர். மலைவாழைப்பழமும் வெல்லமும் நெய்யும் தேனும் ஏலமும் சேர்ந்த அந்தப் பழனிப் பஞ்சாமிர்தத்துக்கு 2019இல் புவிசார் குறியீடு கிடைத்தது. கொடைக்கானல் மலையில் பூம்பாறைக் குழந்தை வேலப்பர் திருவுருவையும் போகர் கைவேலையாகவே அந்த ஊரார் வழிபடுகிறார்கள்.

இந்தக் கதை ஏன் பழனியில் பிறந்தது என்பதற்குச் சங்க இலக்கியத்தில் ஒரு குறிப்பு உண்டு. பழனியின் பழம்பெயர் பொதினி, ஆவியர் குலத் தலைவர்களின் ஊர். அகநானூற்றின் முதற்பாட்டில் மாமூலனார், பிரியாத காதலுக்கு உவமையாகப் பொதினியின் கைவினைஞன் ஒருவனைக் கொண்டுவருகிறார். சாணைக்கல் செய்யும் காரோடன் அவன். கல்லோடு அரக்கைச் சேர்த்துப் பிரியாதபடி பிணைக்கிறான். போகர் நூல்கள் எழுதப்படுவதற்குப் பல நூற்றாண்டுகள் முன்பே, பொடித்த கல்லைப் பிசின் கொண்டு இறுக்கும் தொழிலுக்கு அந்த மலையடிவாரம் பெயர் பெற்றிருந்தது. அங்கிருந்து நவபாஷாணம் வரை ஒரே கோடு இழுத்துவிட முடியாது. ஆனாலும் கட்டுதல் என்னும் கலைக்குத் தெய்வீகப் பெருமை கிடைத்த இடமும், அந்தக் கலை முதன்முதலில் பாட்டில் ஏறிய இடமும் ஒன்றாக இருப்பது கவனிக்கத் தக்கது.

போகருக்குப் பின் பழனியில் பூசை உரிமை புலிப்பாணியின் வழிவந்தவர்களிடம் இருந்ததாகக் கோயில் மரபு கூறுகிறது. திருமலை நாயக்கர் மதுரையை ஆண்ட காலம் 1623 முதல் 1659 வரை. அப்போது தளவாய் இராமப்பையன் பழனிக்கு வந்தார். புலிப்பாணி மரபினர் கையால் பிரசாதம் பெற மனமில்லாமல், பூசையைப் பிராமண குருக்களிடம் மாற்றிக் கொடுத்தார் என்றும், ஈடாகப் புலிப்பாணி மரபினரான பாத்திர உடையாருக்குச் சில உரிமைகளை வழங்கினார் என்றும் அந்த மரபு தொடர்கிறது. சித்தர் நெறி கோயிலின் நடுவிலிருந்து ஓரத்துக்குத் தள்ளப்பட்ட வரலாறு இதைவிடத் தெளிவாக வேறெங்கும் பதிவாகவில்லை. இன்று மலைக்கோயில் பிராகாரத்தின் தென்மேற்கில் போகர் சந்நிதி இருக்கிறது. அவர் வழிபட்டதாகச் சொல்லப்படும் மரகத லிங்கமும் புவனேசுவரி அம்மனும் அங்கே உள்ளன. அவர் சமாதி கொண்ட இடமும் அதுவே என்பர். அந்தச் சந்நிதியின் பூசை இப்போதும் புலிப்பாணி மரபினரிடமே இருக்கிறது. மலையடிவாரத்தில் அவர்களுடைய ஆசிரமமும் உண்டு.

ஏடுகளில் இருந்த போகர் நூல்கள் பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து சென்னை அச்சகங்களில் புத்தகமாயின. கொண்டித்தோப்பு பி. இரத்தின நாயகர் அன் சன்ஸ் போன்ற பதிப்பகங்கள் அவற்றை மலிவு விலையில் நாட்டு வைத்தியர்களின் கைக்குக் கொண்டுசென்றன. பின்னர் வடபழனி தாமரை நூலகம் ஏழாயிரம் முதலானவற்றை வெளியிட்டது. பரிபாஷை என்னும் மறைமொழியில் எழுதப்பட்ட சொற்களுக்குப் பொருள் காண, சென்னைக் காவல்துறையில் பணியாற்றிய டி. வி. சாம்பசிவம் பிள்ளை வாழ்நாள் முழுதும் உழைத்து மருத்துவப் பேரகராதி தொகுத்தார். அந்த அகராதி இல்லாவிட்டால் ஏழாயிரத்தின் பாதி இன்று பூட்டிய பெட்டியாகவே கிடந்திருக்கும்.

அரசும் இந்த மரபை ஏற்றது. உள்நாட்டு மருத்துவ முறைகளை ஆராய 1921இல் அமைத்த உஸ்மான் குழு 1923இல் அறிக்கை தந்தது. அதையொட்டி 1925இல் சென்னையில் அரசு இந்திய மருத்துவப் பள்ளி தொடங்கியது. 1964இல் பாளையங்கோட்டையில் அரசு சித்த மருத்துவக் கல்லூரியும், 2005இல் தாம்பரம் சானடோரியத்தில் தேசிய சித்த மருத்துவ நிறுவனமும் வந்தன. அதே 1964இல் மருந்துகள், அழகுசாதனப் பொருள்கள் சட்டம் திருத்தப்பட்டு, இந்திய மருத்துவ முறைகளின் மருந்துகளும் அதன் கீழ் வந்தன. எந்த நூலில் உள்ள முறைப்படி செய்தால் அது சித்த மருந்து என்று ஏற்கப்படும் என்பதற்கு அந்தச் சட்டத்தின் முதல் அட்டவணை ஒரு நூற்பட்டியல் தருகிறது. அதில் போகர் 700 இருக்கிறது, புலிப்பாணி 500 இருக்கிறது. வானில் பறந்ததாகச் சொல்லப்படும் ஒருவரின் பாடல்கள் மருந்து உரிமம் வழங்கும் அதிகாரிக்கு இன்று ஆதார நூல்.

அதே சட்டத்தின் விதிகளில் மற்றொரு பட்டியலும் உண்டு. நஞ்சுச் சரக்குகளின் பட்டியல் அது. இரசம், இலிங்கம், வீரம், பூரம், தாளகம் என்று நவபாஷாணத்தின் பெயர்கள் அங்கே வரிசையாக நிற்கின்றன. அவை சேர்ந்த மருந்தை மருத்துவர் மேற்பார்வையில்தான் உட்கொள்ள வேண்டும் என்று மேலுறையில் எச்சரிக்கை அச்சிட வேண்டும். மூலிகை மருந்துகளை ஏற்றுமதி செய்யும்போது ஈயம், பாதரசம், ஆர்செனிக், காட்மியம் அளவைச் சோதிப்பதும் 2006 முதல் கட்டாயம். இந்தக் கண்டிப்பைச் சித்த மரபுக்கு எதிரானதாகச் சிலர் பேசுகிறார்கள். சுத்தி செய்யாத சரக்கைத் தொடாதே, புடத்தில் ஒரு வரட்டியும் மிகக் கூடாது என்று கற்பித்த மரபு இதே கண்டிப்பைத்தான் தன் மாணவரிடம் கேட்டது. நவபாஷாண மணி, நவபாஷாணத் தண்ணீர் என்று இன்று சந்தையில் விற்பவற்றை வாங்கிக் குடிப்பவர்கள் இதை அறிந்திருப்பது நல்லது. பாஷாணங்களைத் தனியே வாங்கி வீட்டில் கட்டிப் பார்ப்பது உயிருக்கே ஆபத்து.

வைகாசி மாதம் பரணி நாளில் பழனியில் போகர் பிறந்தநாள் கொண்டாடப்படுகிறது. அவருடைய மாணாக்கர் புலிப்பாணி பெயரில் வழங்கும் மருத்துவ, சோதிட நூல்களையும், பாத்திர உடையார் மரபினருக்கு நாயக்கர் காலத்துக்குப் பின் நேர்ந்தவற்றையும் அடுத்த பகுதி கூறும்.

(தொடரும்)